நவாகோ மக்கள் பற்றிய சிறுவர் நூல்கள்

நவாகோ மக்கள் பற்றிய சிறுவர் நூல்கள் என்பன, ஐக்கிய அமெரிக்காவின் தென்மேற்குப் பகுதியில் வாழும் முதற்குடிகளுள் ஒன்றான நவாகோ மக்களின் வாழ்க்கை, வரலாறு, தொன்மக் கதைகள், சடங்குகள் ஆகியவற்றைப் பொருளாகக் கொண்டு சிறுவர்களுக்காக எழுதப்பட்ட நூல்கள் ஆகும். படக்கதைகள், வரலாற்றுப் புதினங்கள், இருமொழி வாசிப்பு நூல்கள், ஒளிப்படங்களுடன் கூடிய தகவல் நூல்கள் எனப் பல வகைகள் இதில் அடங்கும். இவற்றுள் மிகவும் புகழ் பெற்ற சில நூல்கள் நவாகோ அல்லாதவர்களால் எழுதப்பட்டவை. இதனால், ஒரு மக்களின் கதையை யார் சொல்வது, எதைச் சொல்லலாம், எதைச் சொல்லக்கூடாது என்னும் கேள்விகள் இத்துறையில் தொடர்ந்து எழுப்பப்பட்டு வருகின்றன.

பின்னணி

நவாகோ மக்கள் தம்மைத் 'தினே' என்று அழைத்துக்கொள்கின்றனர். இச்சொல்லுக்கு மக்கள் என்பது பொருள். அரிசோனா, நியூ மெக்சிகோ, யூட்டா ஆகிய மூன்று மாநிலங்களில் சுமார் 70,000 சதுர கிலோமீட்டர் பரப்பில் நவாகோ நாடு அமைந்துள்ளது. அதன் தலைநகர் விண்டோ ராக். ஆட்டு மந்தை, தறி, கிழக்கு நோக்கிய வாயில் கொண்ட ஹோகன் என்னும் வீடு, தாய்வழியாக வரும் குலம் ஆகியவை நவாகோ வாழ்க்கையின் அடிப்படைகள். சிறுவர் நூல்களில் இவை மீண்டும் மீண்டும் இடம்பெறுவது இயல்பே.

இந்நூல்களை விளங்கிக்கொள்ள இரண்டு வரலாற்று நிகழ்வுகளை அறிந்திருத்தல் வேண்டும். முதலாவது, 'நெடுநடை' எனப்படும் வெளியேற்றம். 1864 ஆம் ஆண்டு தொடங்கி 8,000க்கும் மேற்பட்ட நவாகோக்கள் அமெரிக்கப் படையினரால் தம் நிலத்திலிருந்து கிழக்கே பல நூறு கிலோமீட்டர் தொலைவிலுள்ள போஸ்க் ரெடோண்டோ என்னும் இடத்துக்கு நடத்திச் செல்லப்பட்டனர். வழியிலும் முகாமிலும் பசியாலும் நோயாலும் பெருந்தொகையானோர் இறந்தனர். 1868 ஆம் ஆண்டு சூன் 1 அன்று கையெழுத்தான உடன்படிக்கையின்படி எஞ்சியோர் ஊர் திரும்பினர். அமெரிக்க அரசு தான் வெளியேற்றிய ஒரு முதற்குடியைத் தன் சொந்த நிலத்துக்கே திரும்ப விட்டது மிக அரிதான நிகழ்வு.

இரண்டாவது, உண்டுறைப் பள்ளிகள். சிறுவர்கள் பெற்றோரிடமிருந்து பிரிக்கப்பட்டுத் தொலைவிலுள்ள பள்ளிகளில் சேர்க்கப்பட்டனர். அங்கு அவர்களது முடி வெட்டப்பட்டது, பெயர் மாற்றப்பட்டது, தாய்மொழியில் பேசிய பிள்ளைகள் தண்டிக்கப்பட்டனர். ஆகவே நவாகோச் சிறுவர் பலருக்கு அச்சிட்ட புத்தகம் என்பது முதலில் இத்தகைய பள்ளியின் வழியாகவே அறிமுகமாயிற்று.

நீரற்ற மலை

இவ்வகையில் பரவலாக அறியப்பட்ட தொடக்கக்கால நூல், லாரா ஆடம்ஸ் ஆர்மர் எழுதிய 'வாட்டர்லெஸ் மவுன்டன்' (நீரற்ற மலை) ஆகும். 1931 இல் வெளியான இந்நூல், அமெரிக்கச் சிறுவர் இலக்கியத்துக்கான உயர்ந்த விருதாகிய நியூபெரி பதக்கத்தை 1932 இல் பெற்றது. 'இளைய தம்பி' எனப்படும் சிறுவன் ஒருவன் மருத்துவப் பாடகனாக உருவாகும் கதையை இது சொல்கின்றது. நூலாசிரியர் கலிபோர்னியாவைச் சேர்ந்த ஓவியர், ஒளிப்படக் கலைஞர். ஐம்பது வயதைத் தாண்டிய பின்னரே தம் முதல் நூலாகிய இதை எழுதினார்.

ஆர்மர் நவாகோ மணலோவியங்களைப் படியெடுப்பதில் ஆர்வம் கொண்டிருந்தார். மணலோவியம் நோயாளியைக் குணப்படுத்தும் சடங்கில் தரையில் வரையப்படுவது. சடங்கு முடிந்ததும் அழிக்கப்பட வேண்டியது. அதை நிலையான படமாக்குவது முறையா என்னும் கேள்வி அன்றே இருந்தது. நூலில் நவாகோக்கள் மீது உண்மையான மதிப்பு தெரிகின்றது. எனினும், வறுமையும் அரசின் நெருக்குதலும் பெரிதும் மறைந்து, கனவு போன்ற ஓர் உலகமே அதில் எஞ்சுகின்றது. இன்று இந்நூலைப் படிப்போர் குறைவு.

அரசு வெளியிட்ட இருமொழி நூல்கள்

1933 இல் ஜான் காலியர் அமெரிக்க முதற்குடிகள் விவகார ஆணையராகப் பொறுப்பேற்றார். அதன்பின் பள்ளிகளில் முதற்குடி மொழிகளைப் பயன்படுத்தும் முயற்சி தொடங்கியது. முன்னர் எம்மொழியைப் பேசியதற்காகப் பிள்ளைகள் தண்டிக்கப்பட்டனரோ, அதே மொழியில் அரசே பாடநூல் அச்சிட்டது.

இவற்றுள் சிறந்தது ஆன் நோலன் கிளார்க் எழுதிய 'லிட்டில் ஹெர்டர்' (சின்ன இடைச்சி) வரிசை. ஆடு மேய்க்கும் ஒரு சிறுமியின் ஓராண்டு வாழ்க்கையை இலையுதிர்காலம், குளிர்காலம், இளவேனில், கோடை என நான்கு பருவங்களாக இது கூறுகின்றது. முதல் நூல் 1940 இல் வெளிவந்தது. ஆங்கிலமும் நவாகோவும் சேர்ந்து அச்சிடப்பட்டன. வரிகள் புதுக்கவிதை போலக் குறுகியவை. ஹோக் தெனெட்சோசி என்னும் நவாகோ ஓவியர் படங்களை வரைந்தார். ஆட்டின் நடை, தறியின் கட்டமைப்பு, பெண்கள் உட்காரும் முறை என எல்லாவற்றிலும் அவ்வாழ்க்கையை உள்ளிருந்து கண்டவரின் கை தெரிகின்றது. நூலின் உண்மையான ஆசிரியர்களில் ஒருவராக அவரையும் எண்ணுவதே பொருத்தம்.

நவாகோ மொழியை எழுதும் முறை அப்பொழுதுதான் வகுக்கப்பட்டு வந்தது. மொழியியலாளர் ராபர்ட் யங்கும் நவாகோ அறிஞர் வில்லியம் மார்கனும் உருவாக்கிய எழுத்துமுறையே பின்னர் நிலைபெற்றது. ஒலி ஏற்றத்துக்கு ஒரு குறி, மூக்கொலிக்கு எழுத்தின் கீழ் ஒரு கொக்கி, ஒரு வகை லகர ஒலிக்குக் குறுக்குக் கோடு என இதில் பல குறிகள் உண்டு. சாதாரண அச்சகங்களிடம் இவ்வெழுத்துகள் இல்லாமை, நவாகோ நூல் வெளியீட்டுக்கு நெடுங்காலம் தடையாக இருந்தது.

இவ்வெளியீடுகளில் ஒரு முரண்பாடும் உண்டு. மேய்ச்சல் நிலம் அரிக்கப்படுகின்றது என்று காரணம் கூறி, இதே காலியர் நிர்வாகம் 1930களில் நவாகோக்களின் ஆடுகளைப் பெருமளவில் குறைத்தது. பல இடங்களில் ஆடுகள் கொல்லப்பட்டு அப்படியே விடப்பட்டன. ஆடுகளே செல்வமாகவும் குடும்ப மதிப்பாகவும் இருந்த மக்கள் இதை இன்றும் மறக்கவில்லை. ஆடு மேய்க்கும் சிறுமியின் கதையை அரசு அச்சிட்டதும், அரசு ஆடுகளை அழித்ததும் ஏறத்தாழ ஒரே காலத்தில் நடந்தவை.

விருது பெற்ற புதினங்களும் விமர்சனங்களும்

ஸ்காட் ஓ'டெல் எழுதிய 'சிங் டவுன் த மூன்' (1970), நெடுநடையைச் சிறுவர்களுக்குச் சொன்ன நூல்களில் பரவலாகப் படிக்கப்பட்டது. இதற்கு 1971 இல் நியூபெரி சிறப்புத் தகைமை கிடைத்தது. கான்யன் தெ ஷே பள்ளத்தாக்கில் ஆடு மேய்க்கும் 'ஒளிமிகு காலை' என்னும் பெண், அடிமை வணிகர்களால் கடத்தப்பட்டுத் தப்பி வருகின்றாள்; பின்னர் தன் மக்களுடன் போஸ்க் ரெடோண்டோவுக்கு நடத்திச் செல்லப்படுகின்றாள். முடிவில் கணவனுடன் முகாமிலிருந்து தப்பித் தன் பள்ளத்தாக்குக்கே திரும்புகின்றாள். கதைக்கு இம்முடிவு அழகு தருகின்றது. ஆனால் வரலாற்றில் மக்கள் திரும்பியது அவ்வாறன்று. பார்போன்சிட்டோ உள்ளிட்ட தலைவர்கள், வேறு நிலத்துக்குச் செல்ல மறுத்து, தளபதி ஷெர்மனுடன் வாதிட்டுப் பெற்றது அந்தத் திரும்புகை. புதினத்தை மட்டும் படிக்கும் மாணவர், நவாகோக்களின் அரசியல் திறமையை அறியாமலே போகக்கூடும்.

மிஸ்கா மைல்ஸ் எழுதி, பீட்டர் பார்னல் படம் வரைந்த 'ஆனி அண்ட் தி ஓல்ட் ஒன்' (1971) வேறு வகையானது. தறியில் உள்ள விரிப்பு நெய்து முடிந்ததும் தான் மண்ணுக்குத் திரும்பப் போவதாகப் பாட்டி கூறுகின்றாள். அது முடியாமல் இருக்கப் பேத்தி ஆனி இரவில் எழுந்து, பகலில் நெய்ததைப் பிரித்து விடுகின்றாள். சாவைச் சிறுவர்க்கு விளக்கும் நூலாக அமெரிக்கப் பள்ளிகளில் இது பெரிதும் பயன்பட்டது. உருக்கமான கதை என்பதில் ஐயமில்லை. எனினும், நவாகோ மரபில் சாவைப் பற்றி வெளிப்படையாகப் பேசுவது தவிர்க்கப்படுகின்றது. தன் சாவைப் பாட்டியே குடும்பத்தாரிடம் அறிவிப்பது அம்மரபுக்குப் பொருந்துவதாக இல்லை.

ஜோசப் புருச்சாக் எழுதிய 'கோட் டாக்கர்' (2005), இரண்டாம் உலகப் போரில் நவாகோ மொழியைக் கொண்டு இரகசியச் செய்தி அனுப்பிய வீரர்களைப் பற்றியது. 1942 இல் 29 பேருடன் தொடங்கிய இப்பணியில் பின்னர் நூற்றுக்கணக்கானோர் ஈடுபட்டனர். 1968 வரை இது இரகசியமாகவே வைக்கப்பட்டிருந்தது. உண்டுறைப் பள்ளியில் தடுக்கப்பட்ட மொழியே போரில் நாட்டுக்குத் தேவைப்பட்டது என்னும் செய்தியைப் புதினம் தெளிவாக எடுத்துரைக்கின்றது.

நவாகோ எழுத்தாளர்களும் ஓவியர்களும்

1966 இல் தொடங்கப்பட்ட ரஃப் ராக் செயல்விளக்கப் பள்ளி, நவாகோ மக்களே தெரிவு செய்த குழுவால் நடத்தப்பட்டது. அங்கு அமைந்த பாடத்திட்ட நிலையம், நவாகோப் பெரியோர் சொன்ன கதைகளைப் பள்ளி நூல்களாக வெளியிட்டது. வெளியுலகம் இவற்றை அதிகம் அறியவில்லை.

1990களில் நிலை மாறியது. வீ பிரவுன் எழுதி, பாஹே வைட்தோர்ன் படம் வரைந்த 'மான்ஸ்டர் ஸ்லேயர்' 1991 இல் வெளிவந்தது. ஷான்டோ பெகே தாமே எழுதி வரைந்த 'மாய் அண்ட் கசின் ஹார்ன்ட் டோட்' (1992), பேராசை கொண்ட நரியொத்த கொயோட்டி தன் உறவினனாகிய கொம்புத் தேரையிடம் சோளம் கேட்டு வரும் நகைச்சுவைக் கதை. மான்டி ரோசல், 'கினால்டா' (1993) என்னும் நூலில் பூப்புச் சடங்கை ஒளிப்படங்களுடன் விளக்கினார். பின்னாளில் நவாகோ நாட்டின் முதல் அரசவைக் கவிஞராக 2013 இல் அறிவிக்கப்பட்ட லூசி டாபஹான்சோ, 'நவாகோ ஏபிசி' (1995) என்னும் அகரவரிசை நூலை உருவாக்குவதில் பங்கேற்றார். இதே காலத்தில் அரிசோனாவின் பிளாக்ஸ்டாஃப் நகரில் இயங்கத் தொடங்கிய சலினா புக்ஷெல்ஃப் பதிப்பகம், இருமொழிச் சிறுவர் நூல்களைத் தொடர்ந்து வெளியிட்டது.

இவ்வெளியீடுகளுள் குறிப்பிடத்தக்கது, எவாஞ்சலின் பார்சன்ஸ் யாசி எழுதிய, நெடுநடையிலிருந்து ஊர் திரும்பிய ஒரு பெண்ணின் கதையாகும் (2005). ஓ'டெல் நூலையும் இதையும் ஒன்றன்பின் ஒன்றாகப் படிப்பது பயனுள்ளது. இங்கு நெடுநடை என்பது புத்தகத்தில் கற்ற வரலாறாக அல்லாமல், குடும்பத்துக்குள் வழிவழியாகச் சொல்லப்பட்டு வந்த நினைவாக அமைகின்றது.

குளிர்காலக் கதைகள்

கொயோட்டியைப் பற்றிய கதைகளை எந்நேரமும் சொல்வது நவாகோ வழக்கமன்று. முதல் உறைபனிக்குப் பின் தொடங்கி, இளவேனிலின் முதல் இடியோசை கேட்கும் வரை உள்ள குளிர்காலத்திலேயே அவை சொல்லப்படும். பாம்பும் கரடியும் உறங்கும் காலம் அது. நூல்களோ ஆண்டு முழுதும் அலமாரியில் இருப்பவை. இதனால் நவாகோப் பகுதிப் பள்ளிகளில், இக்கதை நூல்களைக் குளிர்காலத்தில் மட்டும் எடுத்துப் படிக்கும் ஆசிரியர்கள் உண்டு. புனிதச் சடங்குப் பாடல்களும் மணலோவியங்களும் அச்சில் வருவது பற்றியும் இதைப் போன்ற தயக்கம் காணப்படுகின்றது.

இச்சிக்கல் 2018 இல் வெளிப்படையாக வெடித்தது. நவாகோ அல்லாத ரெபெக்கா ரோன்ஹார்ஸ் நவாகோப் புனித மாந்தரைக் கொண்டு பெரியோருக்காக எழுதிய 'டிரெயில் ஆஃப் லைட்னிங்' என்னும் புதினத்தை எதிர்த்து, நவாகோ எழுத்தாளர்கள் பலர் கூட்டாகக் கடிதம் வெளியிட்டனர். அவரது சிறுவர் புதினமாகிய 'ரேஸ் டு த சன்' (2020) அதன் பின்னரே வந்தது. அதுவும் நவாகோத் தொன்மத்தை அடிப்படையாகக் கொண்டதே. மறுபுறம், பெரிய பதிப்பகம் ஒன்றின் நூலில் நவாகோச் சிறுமி ஒருத்தி வீரத் தலைவியாக வருவதை வரவேற்ற வாசகர்களும் இருந்தனர்.

அண்மைக்கால நூல்கள்

டானியல் வான்டெவர் எழுதிய 'ஃபால் இன் லைன், ஹோல்டன்!' (2017), கட்டுப்பாடு மிக்க உண்டுறைப் பள்ளியில் கற்பனையை விடாத ஒரு சிறுவனைக் காட்டுகின்றது. ரோஸ் ஆன் டாஹேயும் நான்சி போ பிளட்டும் எழுதிய 'ஃபர்ஸ்ட் லாஃப்' (2018), குழந்தையை முதன்முதலில் சிரிக்க வைப்பவரே விருந்தளிக்கும் நவாகோ வழக்கத்தைக் கொண்டாடுகின்றது. அவ்விருந்தில் குழந்தையின் கையால் வந்தோருக்கு உப்புக்கல் வழங்கப்படும்.

நவாகோ எழுத்தாளர் பிரையன் யங்கின் 'ஹீலர் ஆஃப் த வாட்டர் மான்ஸ்டர்' (2021), நகரத்தில் வளர்ந்த நேதன் என்னும் சிறுவன் கோடை விடுமுறைக்காக மின்சாரமில்லாத பாட்டி வீட்டுக்கு வருவதில் தொடங்குகின்றது. அங்கு அவன் நோயுற்ற ஒரு நீர்ப் பூதத்தைச் சந்திக்கின்றான். யுரேனியமே அந்நோய்க்குக் காரணம். இது வெறுங் கற்பனையன்று. 1944 முதல் 1986 வரை நவாகோ நிலத்திலிருந்து ஏறக்குறைய 3 கோடி டன் யுரேனியக் கனிமம் தோண்டப்பட்டது. கைவிடப்பட்ட சுரங்கங்கள் 500க்கும் மேல். இந்நூல், அமெரிக்க முதற்குடிகள் நூலகச் சங்கம் வழங்கும் இளையோர் இலக்கிய விருதை 2022 இல் இடைநிலை வகுப்பினருக்கான பிரிவில் பெற்றது. இதன் தொடர்ச்சி 2023 இல் வெளிவந்தது.