தகுதிநீக்கம்: சாட்டையா, சல்லடையா?

திருவண்ணாமலை என்றதும் வெளியூர்வாசிகளுக்கு நினைவுக்கு வருபவை கிரிவலமும் கார்த்திகை தீபமும்தான். மலையைச் சுற்றியுள்ள மாவட்டமோ பெரிதும் வேளாண்மையை நம்பி வாழ்வது. பயிர்க்கடன், நகைக்கடன், உரம் என எதற்கும் விவசாயி முதலில் படியேறுவது தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத்தில்தான். செய்யாறில் கூட்டுறவு சர்க்கரை ஆலையும், ஆரணியில் பட்டு நெசவாளர் கூட்டுறவுச் சங்கங்களும், கிராமங்களில் பால் உற்பத்தியாளர் சங்கங்களும் உள்ளன. இவற்றின் நிர்வாகக் குழுவில் யார் அமரலாம், யார் அமரக் கூடாது என்பது சாமானியரின் சேமிப்போடும் கடனோடும் நேரடியாகத் தொடர்புடைய கேள்வி.

அதற்கு விடை தருவது 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம். 1988-இல் நடைமுறைக்கு வந்த இச்சட்டம் மூன்று வெவ்வேறு நிலைகளைப் பேசுகிறது. அவற்றை ஒன்றோடொன்று குழப்பிக் கொள்வதால்தான் பல வழக்குகள் எழுகின்றன.

முதலாவது, தகுதியின்மை. இதைக் கூறுவது 34-ஆவது பிரிவு. சங்கத்துக்குச் செலுத்த வேண்டிய கடனில் தவணை தவறியவர், சங்கத்துடன் ஒப்பந்த ஆதாயம் உள்ளவர், சங்கத்திடம் ஊதியம் பெறும் ஊழியர், ஒழுக்கக்கேடான குற்றத்துக்காகத் தண்டிக்கப்பட்டவர் போன்றோர் குழு உறுப்பினராக முடியாது. பொதுப் பணத்தைக் கையாள்பவருக்கு அதில் சொந்த ஆதாயம் இருக்கக் கூடாது என்பதே இதன் அடிப்படை.

இரண்டாவது, தகுதிநீக்கம். தேர்ந்தெடுக்கப்பட்டு பதவியில் இருப்பவர் மோசடி செய்தாலோ கடமையில் வேண்டுமென்றே தவறினாலோ, 36-ஆவது பிரிவின் கீழ் பதிவாளர் அவரைப் பதவியிலிருந்து நீக்கலாம். இந்த நடவடிக்கை தனிநபர் மீதானது. அவருடைய தவறுக்காக மற்ற உறுப்பினர்கள் பதவி இழப்பதில்லை.

மூன்றாவது, குழுக் கலைப்பு. குழு முழுவதுமே செயலிழந்தாலோ தொடர்ந்து கடமை தவறினாலோ 88-ஆவது பிரிவு பாய்கிறது. இது கடைசி ஆயுதமாக இருக்க வேண்டியது. உறுப்பினர்கள் அனைவரின் வாக்கையும் ஒரே உத்தரவில் செல்லாததாக்கும் வலிமை இதற்கு உண்டு.

இவற்றோடு சேர்த்துப் பார்க்க வேண்டியவை இரண்டு. கூட்டுறவுத் துறையினர் '81 விசாரணை' என்று சுருக்கமாகச் சொல்வது, சங்கத்தின் அமைப்பு, செயல்பாடு, நிதிநிலை ஆகியவை குறித்த விசாரணையாகும். 87-ஆவது பிரிவின் கீழான தண்டத்தீர்வை, இழப்பை ஏற்படுத்தியவரிடமிருந்தே பணத்தை வசூலிக்கும் வழி. குற்றம் நிகழ்ந்து ஏழு ஆண்டுகள் கடந்துவிட்டால் தண்டத்தீர்வை நடவடிக்கையைத் தொடங்க இயலாது. ஆகவே, காலம் கடத்துவது தவறு செய்தவருக்கே சாதகம்.

விசாரணை அறிக்கை ஒன்று கிடைத்துவிட்டது என்பதாலேயே ஒருவரை நீக்கிவிட முடியாது. குற்றச்சாட்டு எது என்று தெளிவாக அறிவிக்க வேண்டும்; ஆவணங்களைத் தர வேண்டும்; விளக்கம் கேட்க வேண்டும்; அந்த விளக்கத்தைப் பரிசீலித்துக் காரணங்களுடன் உத்தரவிட வேண்டும். இவற்றில் ஒரு படி தவறினாலும் உத்தரவு நீதிமன்றத்தில் நிற்காது. நடைமுறைப் பிழையால் உத்தரவு ரத்தாகும்போது, முறைகேடு செய்தவர் குற்றமற்றவரைப் போல மீண்டும் நாற்காலியில் அமர்கிறார். இயற்கை நீதியைப் பின்பற்றுவது குற்றம் சாட்டப்பட்டவருக்குக் காட்டும் சலுகையன்று. சங்கப் பணத்துக்கான பாதுகாப்பு.

தவணை தவறுதல் என்ற தகுதியின்மையைத் தனியே கவனிக்க வேண்டும். மழை பொய்த்துக் கடனைக் கட்ட முடியாத சிறு விவசாயியும், வசதியிருந்தும் கட்டாதவரும் சட்டத்தின் முன் ஒன்றாகவே நிற்கின்றனர். முன்னவர் தேர்தல் களத்திலிருந்து விலக, பிறர் பெயரில் கடன் பெற்றவர் கணக்கேட்டில் நிலுவையற்றவராகத் தோன்றி வேட்பாளராகிவிட முடியும். சல்லடை சரியான இடத்தில் சலிக்க வேண்டுமெனில், நிலுவைப் பட்டியல் தேர்தலுக்கு முன்பே அறிவிப்புப் பலகையில் வெளியிடப்பட்டு, ஆட்சேபம் தெரிவிக்க அவகாசம் தரப்பட வேண்டும்.

அரசியல் சாசனமும் இதில் தலையிட்டது. 2012 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த 97-ஆவது திருத்தம், குழுவின் பதவிக்காலம் ஐந்தாண்டு என்றும், பொதுவாக ஆறு மாதங்களுக்கு மேல் குழுவை முடக்கி வைக்கக் கூடாது என்றும் வரையறுத்தது. ஆனால், மாநிலச் சட்டப்பேரவைகளில் பாதியின் ஒப்புதலைப் பெறவில்லை என்ற காரணத்தால், பல மாநிலக் கூட்டுறவுச் சங்கங்கள் நீங்கலாக மற்றவற்றுக்கு அத்திருத்தம் செல்லாது என உச்சநீதிமன்றம் 2021 ஜூலையில் தீர்ப்பளித்தது. அதன் பிறகு பொறுப்பு முழுவதும் மாநிலச் சட்டத்தின் தோள்மீது விழுந்துள்ளது.

தமிழகத்தில் 2018-இல் தேர்தல் நடந்தபோது வேட்புமனு தொடர்பான புகார்கள் உயர்நீதிமன்றம் வரை சென்றன. அப்போது தேர்வான குழுக்களின் பதவிக்காலம் 2023-இல் முடிந்து, நிர்வாகம் தனி அலுவலர்களிடம் சென்றது. தேர்ந்தெடுக்கப்பட்ட குழுவே இல்லாத சங்கத்தில் தகுதிநீக்கப் பிரிவுகள் வெறும் ஏட்டுச் சுரைக்காய்தான். தவறு செய்பவரை நீக்கச் சட்டம் இருக்கிறது. நீக்கப்படுவதற்கும் பதில் சொல்வதற்கும் ஒருவரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை உறுப்பினருக்கு இருக்க வேண்டாமா?

உரிய காலத்தில் தேர்தல், ஆண்டுதோறும் தணிக்கை, காலக்கெடுவுக்குள் முடியும் விசாரணை, காரணம் கூறும் உத்தரவு ஆகிய நான்கும் அமைந்தால், தகுதிநீக்கம் ஆளுங்கட்சியின் கைச் சாட்டையாக மாறாது. 1904-இல் திரூரில் முதல் கடன் சங்கம் தொடங்கிய மாநிலம் இது. பங்குத்தொகை செலுத்திய கடைசி விவசாயிக்கும் தன் சங்கத்தின் கணக்கைக் கேட்கும் துணிவு வரும் நாளில்தான், அந்த மரபுக்கு நாம் நியாயம் செய்தவர்களாவோம்.