தேன்வதையும் தேன்பெட்டியும்

யாழ்ப்பாணத்திலே தேனடையைத் 'தேன்வதை' என்பார்கள். வதை என்னும் சொல்லுக்குத் துன்புறுத்தல், கொலை என்ற பொருள்களும் உண்டென்பதை நேயர்கள் அறிவீர்கள். வகுப்பிலே இச்சொல் வரும்போதெல்லாம் இவ்விரு பொருளையும் மாணவர்க்குச் சேர்த்தே சொல்வது என் வழக்கம். ஏனெனில், தேனீ வளர்ப்பின் வரலாறு இவ்விரண்டையும் பிரித்தெடுக்க மனிதன் செய்த முயற்சியின் வரலாறே எனலாம்.

பாரியின் பறம்புமலை, உழவர் உழாமலே தரும் பயன்கள் நான்கென்று புறநானூற்றிலே கபிலர் கணக்கிடுகிறார். மூங்கில் நெல், பலா, வள்ளிக்கிழங்கு என்பவற்றோடு தேனும் அவற்றுள் ஒன்று. அங்கே தேன் மலை தரும் கொடை. தேனீயை வளர்ப்பார் எவருமில்லை. 1660 முதல் 1679 வரை கண்டி இராச்சியத்திலே சிறைப்பட்டிருந்த றொபேட் நொக்ஸ், 1681 இல் வெளிவந்த தமது நூலில் இந்நாட்டுத் தேனீக்களை வகைப்படுத்துகிறார். ஊரவர் மற்ற வேலைகளை மறந்து, கூட்டமாகக் காட்டுக்குத் தேனெடுக்கப் போவதையும் எழுதுகிறார்.

மண்முட்டியிலே தேனீக்களைக் குடியிருத்தி வீட்டு வளவில் வைப்பதும் நம் நாட்டுப் பழைய வழக்கமே. ஆயினும் தேன் வேண்டுமானால் அடையை அறுத்துப் பிழியவேண்டும். புழுவும் முட்டையும் தேனோடு நசியும். ஐரோப்பாவிலோ வைக்கோற் கூடைகளில் வாழ்ந்த தேனீக்களைக் கந்தகப் புகையாற் கொன்றே தேனெடுத்தவர் பலர்.

இந்நிலையை மாற்ற வழிகோலியவர் ஜெனீவாவைச் சேர்ந்த பிரான்சுவா ஹூபர் (1750–1831). இளமையிலேயே பார்வை இழந்த அவர், தம் உதவியாளர் பேர்னன்சின் கண்களையே தம் கண்களாகக் கொண்டார். புத்தகத்தின் ஏடுகளைப்போலத் திறக்கும் கூடொன்றை அமைத்து, தேனீக்களின் வாழ்வை ஆராய்ந்து 1792 இல் நூல் வெளியிட்டார்.

அடுத்தவர் அமெரிக்கப் பாதிரியார் லாங்ஸ்ட்ரொத். தேனீக்கள் தாம் நடமாட ஏறக்குறைய 3/8 அங்குல இடைவெளியை விட்டுவைக்கின்றன. அதனிற் குறைந்தால் பிசினால் அடைத்துவிடும், கூடினால் அங்கும் அடை கட்டும். 1851 இல் இவ்வுண்மையைப் பெட்டி அமைப்பிலே அவர் பயன்படுத்தினார். அடை தாங்கிய சட்டங்கள் ஒட்டாமல் நின்றன. ஒவ்வொன்றாகத் தூக்கிப் பார்த்துத் திரும்ப வைக்கலாம். 1852 இல் காப்புரிமை பெற்றும், பிறர் அதைப் பொருட்படுத்தாது பெட்டி செய்தமையால் அவருக்குச் செல்வம் சேரவில்லை. 1865 இல் ஹ்ருஷ்கா என்பார் அடையைச் சுழற்றித் தேனை மட்டும் பிரிக்கும் இயந்திரத்தை அமைத்தார். அடை உடையாமலே மீண்டும் தேனீயிடம் சேர்ந்தது.

நமது நாட்டுத் தேனீ உருவிற் சிறியது. அதற்கேற்ற சிறிய பெட்டியை 1910களில் திருச்சிராப்பள்ளிப் பகுதியிலே அமைத்தவர் நியூட்டன் என்னும் யேசுசபைத் துறவி.

இத்தனை பேரின் உழைப்பும் மரப்பெட்டியாக நம் வளவிலே வந்து நின்றபோதிலும், ஒன்று மாறவில்லை. நாட்டுத் தேனீ எவருக்கும் அடிமையன்று. பட்டினியோ தொல்லையோ மிகுந்தால் அடையை விட்டுக் கூட்டத்தோடு வெளியேறிவிடும். பூக்குறையும் மாரிக்கு முன்னே தேன் முழுவதையும் வழித்தெடுத்தவர், மழைவிட்டபின் திறந்து பார்ப்பது வெறும் பெட்டியையே.