தண்ணீரையே தூர்வார வைத்த தூம்பு

கொற்கை ஒரு காலத்தில் பாண்டியரின் துறைமுகம், முத்துக்குப் பேர் போன ஊர். இன்றைக்கு அங்கே போய் "கடல் எங்கே?" என்று கேட்டால் கிழக்கே கையைக் காட்டுவார்கள், ஆறேழு கிலோமீட்டர் போகணும். காரணம் தாமிரபரணி கொண்டு வந்து கொட்டிய வண்டல். கொற்கை தூர்ந்தது, பழைய காயல் தலையெடுத்தது (13ம் நூற்றாண்டுக் கடைசியில் மார்க்கோ போலோ எழுதிய காயல் அதுதான்). அதுவும் தூர்ந்தது. போர்த்துக்கீசியர் காலத்தில் புன்னக்காயல் வந்தது. ஒரே ஆறு இரண்டு துறைமுகத்தை விழுங்கிவிட்டது, பாருங்கள்!

இதே வண்டல்தான் குளங்களுக்கும் எதிரி. வணிகவியல் படிக்கிறவர்களுக்குப் புரிகிற மாதிரி சொன்னால், குளம் ஒரு சொத்து, வண்டல் அதன் தேய்மானம். வருடா வருடம் கொள்ளளவு குறையும். ஆள் வைத்து அள்ளினால் செலவு, அள்ளாமல் விட்டால் சொத்தே போச்சு. மாயாஜாலக் கதைகளில் தன்னைத் தானே பழுது பார்த்துக்கொள்ளும் கோட்டைகள் வரும். நம் ஆட்கள் மந்திரம் இல்லாமலே அதில் கால்வாசியைச் செய்தார்கள். அதுதான் குமிழித் தூம்பு.

கரையை ஒட்டி இல்லாமல், குளத்துக்குள் சற்றுத் தள்ளி இரண்டு கல் தூண்கள் நிற்கும். அவற்றுக்கு நடுவே தரைமட்டத்தில் ஒரு கல் தொட்டி. தொட்டியின் மேல்பலகையில் ஒரு பெரிய துளை, இது நீரோடி. தொட்டியின் அடியில் சிறு துளைகள், இவை சேறோடி. தொட்டியிலிருந்து கரைக்கு அடியில் சுருங்கை வழியாக வாய்க்காலுக்குப் பாதை. ஒருவர் நீந்திப் போய் அடைப்பைத் தூக்கினால் போதும். மேலே நிற்கிற தண்ணீரின் எடையே வேகமாக உள்ளே இறங்கும், அந்த இழுப்பில் அடியில் கிடக்கும் சேறும் கலங்கிச் சேர்ந்து ஓடும். வயலுக்குப் பாசனம், கூடவே வண்டல் எரு, குளத்துக்குக் கொஞ்சம் சுத்தம். மின்சாரமும் டீசலும் செய்கிற வேலையைப் புவியீர்ப்பு இலவசமாகச் செய்தது. புதுக்கோட்டைப் பக்கத்துக் கண்மாய்களில் கல்வெட்டோடு கூடிய பழைய தூம்புகள் இன்றும் நிற்கின்றன.

ஆனால் "குமிழி இருந்ததால் குளமே தூராது" என்று சிலர் எழுதுவதை நான் நம்பவில்லை. ஒரு துளையின் இழுப்பு அதன் அருகில்தான் இருக்கும், பத்தடி தள்ளினால் தண்ணீர் அசையாது. அதாவது தூம்பின் வாய் அடைபடாமல் இருக்கும், மீதிக் குளத்தை மனிதர்தான் வெட்ட வேண்டும். இல்லாவிட்டால் 10ம் நூற்றாண்டு உத்திரமேரூர்க் கல்வெட்டுகளில் ஏரி வாரியம் எதற்கு? ஊரே கூடிச் செய்த குடிமராமத்து எதற்கு? ஆங்கிலேயர் 1858ல் கட்டாய உழைப்புச் சட்டமே போட்டார்கள். 2017ல் தமிழக அரசு அதே பெயரில் 100 கோடி ரூபாயில் 1,519 பணிகளைத் தொடங்கியது. பெயர் பழையது, வேலை பொக்லைன் இயந்திரத்துடையது.

ஆற்றிலும் இதே தத்துவம்தான். கல்லணையில் ஆர்தர் காட்டன் மணல்போக்கிகள் வைத்தார், வெள்ளத்தின் வேகமே மணலைத் தள்ளட்டும் என்று. தாமிரபரணியின் 8 அணைக்கட்டுகளில் கடைசியான ஸ்ரீவைகுண்டம் 19ம் நூற்றாண்டில் ஆங்கிலேயர் கட்டியது. அதுவும் மெல்ல மெல்ல மேடிட்டது. கடைசியில் பசுமைத் தீர்ப்பாயம் வரை வழக்குப் போய், 2015ல் தூர்வாரும் வேலை தொடங்கியது.

இப்போது பல குளங்களில் தூம்பு போய் திருகு ஷட்டர் வந்துவிட்டது. கரையில் நின்றே திறக்கலாம். நள்ளிரவு மழையில் ஒருவர் குளத்துக்குள் முங்கி உயிரைப் பணயம் வைக்க வேண்டியதில்லை, அந்த வகையில் நல்லதுதான். ஆனால் ஷட்டர் திறக்கும்போது குளத்துக்குள் தள்ளிக் கிடக்கிற சேறு கிடந்த இடத்திலேயே கிடக்கிறது.

2023 டிசம்பரில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் சுமார் 95 செ.மீ. மழை. அந்த மழைக்கு எந்தக் குளமும் தாங்காதுதான். இருந்தாலும் தூர்ந்த குளம் இன்னும் சீக்கிரம் நிறையும், சீக்கிரம் உடையும். மேலே உடைகிற ஒவ்வொரு கரையின் மண்ணும் கடைசியில் வந்து சேர்வது புன்னக்காயல் முகத்துவாரத்துக்கு. அங்கே மணல் மேடிட்டால் படகு கடலுக்கு இறங்காது.