வீட்டு ஈடும் காலத்தின் விலையும்: ஐக்கிய அமெரிக்க அனுபவம் பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

கடனுக்காக நிலத்தையும் வீட்டையும் பொறுப்பு வைத்தல் எமது சமூகத்துக்குப் புதியதன்று. ஒல்லாந்தர் ஆட்சிக் காலத்தில், 1707ஆம் ஆண்டில், கிளாஸ் ஐசாக்ஸ் தொகுத்தளித்த தேசவழமை யாழ்ப்பாணத்தில் வழங்கிய ஒற்றி முறையைப் பதிவுசெய்துள்ளது. ஒற்றியில் நிலம் கடன் கொடுத்தவரின் கைக்கு மாறும். வட்டிக்குப் பதிலாக அவர் அதன் விளைவை அனுபவிப்பார். பெற்ற முதலைத் திருப்பிக் கொடுத்து உடையவர் நிலத்தை மீட்கும் வரை இது நீடிக்கும். எத்தனை ஆண்டு விளைவைக் கொடுத்தாலும் முதலில் சல்லிக் காசும் குறையாது. இது கடுமையான முறையே. எனினும் அதில் ஒளிவுமறைவு இருக்கவில்லை. தமது காணியின் நெல் மற்றவர் வண்டியில் ஏறுவதை வேலியருகே நின்று காணும் ஒருவருக்குக் கடனின் விலையை எவரும் கணக்கிட்டுக் காட்ட வேண்டியதில்லை.

இன்றைய வீட்டுக் கடன் ஒற்றியின் வழியில் வந்ததன்று. ஆதனத்தை உடையவரின் அனுபவத்திலேயே விட்டு, வட்டியை மட்டும் பெறும் ஈட்டின் வழியில் வந்தது. ஆயினும் அது பழைய ஈட்டினின்றும் ஒருவகையில் வேறுபடுகின்றது. முதலும் வட்டியும் ஒன்றாகக் கலக்கப்பட்டு, இருபது அல்லது முப்பது ஆண்டுகளுக்கு மாதந்தோறும் ஒரே தொகையாக அறவிடப்படுகின்றன. இக்கலப்பு எப்போது, எவர் நலன் கருதி ஏற்பட்டது? அதனால் வீட்டின் உண்மை விலை எவ்வாறு கண்ணுக்குப் புலப்படாது போயிற்று? இவ்வினாக்களையே நாம் இங்கு ஆராய முற்படுகிறோம். இம்முறை வெகுசன முறையாக வளர்ந்ததும், அதன் வரலாறு விரிவாகப் பதிவானதும் ஐக்கிய அமெரிக்காவிலாதலின் அந்நாட்டையே எடுத்துக்கொள்கிறோம்.

முதலையும் சிறிது சிறிதாக அடைக்கும் வழக்கம் 1930களில் திடீரெனத் தோன்றியதன்று. 1831இல் பிலடெல்பியாவை அடுத்த பிராங்க்பட்டில் அமைந்த ஒக்ஸ்பட் புரொவிடன்ட் சங்கம் போன்ற பரஸ்பரக் கட்டடச் சங்கங்கள், உறுப்பினரின் மாதாந்தச் சேமிப்பைக் கொண்டே கடன் கொடுத்து மீட்டன. அச்சங்கத்தின் முதற்கடன் 375 டொலர். அதைப் பெற்றவர் தெருவிளக்கு ஏற்றும் ஒரு தொழிலாளி. எனினும் 1920களில் வங்கிகளும் காப்புறுதிக் கம்பனிகளும் பெரும்பாலும் வழங்கியது வேறு வகைக் கடனாகும். வீட்டுப் பெறுமதியில் ஏறக்குறைய அரைப்பங்கே கடனாகக் கிடைக்கும். காலம் மூன்று முதல் ஐந்து ஆண்டுகள். இடையில் வட்டி மட்டும் கட்டினாற் போதும். தவணை முடிவில் முதல் முழுவதையும் ஒருங்கே கொடுக்க வேண்டும். பெரும்பாலோர் அவ்வாறு கொடுத்ததில்லை. கடனைப் புதுப்பித்துக்கொண்டனர், ஒவ்வொரு தடவையும் அதற்குரிய கட்டணங்களைச் செலுத்தியே. எஞ்சிய அரைப்பங்குக்கு வழியற்றோர் கூடிய வட்டிக்கு இரண்டாம் ஈடு வைத்தனர்.

1929இன் பின்னர் வங்கிகள் புதுப்பிக்க மறுத்தன. வட்டியை ஒழுங்காகக் கட்டிவந்தவர்களும், முதலை ஒரே நாளில் கொடுக்க இயலாமையால் வீடிழந்தனர். 1933இல் நாளொன்றுக்கு ஏறத்தாழ ஆயிரம் வீடுகள் ஈடு முழுகிப் பறிபோயின என்பர். விவசாயிகளுக்கோ காணியும் வீடும் ஒரே ஈட்டில் அடங்கியிருந்தன. அவ்வாண்டு ஏப்ரல் 27ஆம் நாள் அயோவா மாநிலத்தின் லெ மார்ஸ் நகரில், ஈடு மீட்பு வழக்குகளை நிறுத்திவைக்க உடன்படாத நீதிபதியை விவசாயிகள் நீதிமன்றிலிருந்து இழுத்துச் சென்று கழுத்தில் கயிறு மாட்டினர். அவர் உயிர் தப்பினார். ஆளுநர் இராணுவச் சட்டத்தைப் பிரகடனம் செய்தார். அதே மாதத்தில் மினசோட்டா மாநிலம் வீடு மீட்கும் கால எல்லையை நீட்டச் சட்டமியற்றிற்று. அச்சட்டத்தின் கீழ் மினியாபொலிஸ் நகர வீடொன்றுக்கு மாதம் 40 டொலர் செலுத்தி உரிமையாளர் தொடர்ந்து வசிக்கலாம் என நீதிமன்றம் விதித்தது. கடன் கொடுத்த சங்கம் மேன்முறையீடு செய்தது. 1934 ஜனவரியில் சமஷ்டி உயர் நீதிமன்றம், ஐவருக்கு நால்வர் என்ற பெரும்பான்மையால், சட்டம் செல்லும் எனத் தீர்த்தது. ஒப்பந்தத்தின் புனிதத்தைப் பாடமாக ஓதிவந்த ஒரு முதலாளித்துவ அரசு, தெருவில் எழுந்த எதிர்ப்பின் முன் அப்பாடத்தை மாற்றி வாசித்த சந்தர்ப்பம் இதுவெனலாம்.

இப்பின்னணியிலேயே 1933 ஜூனில் வீட்டுரிமையாளர் கடன் கூட்டுத்தாபனம் தோன்றிற்று. அது பழைய ஈடுகளைத் தான் ஏற்று, 5 வீத வட்டியில், 15 ஆண்டுகளில் மாதந்தோறும் அடைக்கும் புதிய கடனாக மாற்றியது. சுமார் பத்து இலட்சம் குடும்பங்கள் பயனடைந்தன. 1,000 டொலர்க் கடனுக்கு மாதம் 7.91 டொலர்; 15 ஆண்டுகளில் மொத்தம் 1,423 டொலர். கூட்டுத்தாபனமே பின்னர் ஏறக்குறைய இரண்டு இலட்சம் வீடுகளைக் கைப்பற்ற நேர்ந்ததாயினும், 1951இல் அது தன் கணக்கைச் சிறிய மிகுதியுடனேயே மூடியது. தவணை முறையின் பிறப்பில் ஏமாற்று எதுவும் இருக்கவில்லை என்பதை நாம் அழுத்திக் கூற வேண்டும். அது கடனாளிகளின் போராட்டத்தினூடே கிடைத்த நிவாரணமாகும்.

மாற்றம் அடுத்த படியில் நிகழ்ந்தது. 1934ஆம் ஆண்டின் தேசிய வீடமைப்புச் சட்டத்தால் நிறுவப்பட்ட சமஷ்டி வீடமைப்பு நிருவாகம் கடன் கொடுக்கவில்லை. தனியார் கொடுத்த கடனுக்குக் காப்புறுதி அளித்தது. நட்ட அபாயம் அரசின் தோளுக்கு மாறியது. வட்டி வருமானம் வங்கியிடமே இருந்தது. காப்புறுதிக் கட்டணத்தைக் கடனாளி செலுத்தினார். அபாயம் நீங்கியதும் காலம் நீளத் தொடங்கியது. 1934இல் உச்ச எல்லை 20 ஆண்டு, வீட்டுப் பெறுமதியில் 80 வீதம்; 1938இல் சிறிய புதிய வீடுகளுக்கு 25 ஆண்டு, 90 வீதம்; 1948இல் புதிய வீடுகளுக்கு 30 ஆண்டு; 1954இல் பழைய வீடுகளுக்கும் அதுவே. சொந்த வீட்டில் வாழ்ந்த குடும்பங்கள் 1940இல் 43.6 வீதமாயிருந்து 1960இல் 61.9 வீதமாயின. இச்சாதனையைக் குறைத்து மதிப்பிடுதல் நேர்மையாகாது. ஆனால் இதே காலத்தில் வீடு விற்போரின் மொழியும் மாறியது. 1949இல் லெவிட்டவுண் குடியிருப்பில் 7,990 டொலருக்கு விற்ற வீட்டை மக்கள் மாதம் 58 டொலர் வீடு என்றே அறிந்தனர். விலை பின்னே சென்றது. தவணை முன்னே வந்தது.

இவ்விடத்திற் கணக்கைச் சற்று நின்று நோக்குதல் வேண்டும். 1,000 டொலரை 6 வீதத்தில் 30 ஆண்டுக்குப் பெற்றால் மாதத் தவணை ஏறக்குறைய 6 டொலர். கட்டி முடிக்கும் மொத்தம் 2,158 டொலர். வட்டி 12 வீதமாயின் தவணை 10.29 டொலர், மொத்தம் 3,703. 18 வீதமாயின் தவணை 15.07, மொத்தம் 5,425. தவணை மாறாதிருப்பினும் அதன் உள்ளடக்கம் மாதந்தோறும் மாறுகின்றது. 12 வீதக் கடனின் முதல் தவணையில் 10 டொலர் வட்டிக்குப் போக 29 சதமே முதலிற் கழிகின்றது. 18 வீதக் கடனில் 7 சதம். 6 வீதக் கடனில் முதலின் பாதி தீர 21 ஆண்டுகள் செல்லும். 12 வீதத்தில் 24 ஆண்டும் 5 மாதமும் செல்லும். அதாவது, இளமையில் வீடு வாங்கியவர் தம் உழைப்புக் காலத்தின் பெரும்பகுதியை வட்டிக்கே செலவிட்ட பின்னரும் பாதிக் கடனாளியாகவே இருக்கிறார். இடையில் வட்டி குறைந்ததெனக் கடனைப் புதுப்பித்து மீண்டும் 30 ஆண்டு எழுதிக்கொள்பவர், வட்டி மிகுந்த அந்த முதலாண்டுகளுக்கே திரும்பிச் செல்கிறார். வட்டிவீதத்தை நுணுகிப் பேரம் பேசுவோர் காலத்தைப் பற்றிக் கேட்பது அரிது.

எனினும் தவணைகளை வெறுமனே கூட்டிப் பெறும் தொகையே உண்மைச் செலவு என்பதும் எளிமைப்பாடான கூற்றாகும். 1950க்கும் 1980க்கும் இடையில் அமெரிக்க நுகர்வோர் விலைகள் ஏறத்தாழ 3.4 மடங்காயின. 1950இல் 4.25 வீதத்தில் கடன் பெற்றவர் மாதம் செலுத்திய 4.92 டொலர், கடைசி ஆண்டில் 1950இன் விலைமட்டத்தில் ஒன்றரை டொலருக்கும் குறைவான பெறுமதியே உடையதாயிற்று. பணவீக்கம் அத்தலைமுறையின் கடனில் ஒரு பகுதியைத் தானே தீர்த்துவைத்தது, நட்டம் சேமிப்பாளருடையது. 1981 ஒக்டோபரில் சராசரி ஈட்டு வட்டி 18 வீதத்தையும் கடந்து நின்றபோது வீடு வாங்கியவருக்கு அவ்வாய்ப்பில்லை. அவர் காலத்தில் பணவீக்கம் தணிந்தது, தவணையோ தணியவில்லை. ஆகவே உண்மைச் செலவைக் காண விரும்புவோர் வட்டியோடு ஆதன வரி, காப்புறுதி, திருத்தச் செலவு என்பவற்றையும் சேர்த்து, வாடகைக்கு இருந்திருந்தால் எவ்வளவு சென்றிருக்கும் என்பதையும் கழித்து நோக்குதல் வேண்டும். வருமான வரியில் வட்டிக்கு அளிக்கப்பட்ட கழிவும் உண்டு. 1913 முதல் இருந்துவரும் அச்சலுகையால் கூடிய வருமானமுடையோரே கூடிய நன்மை பெற்றனர்.

ஆனால் இக்கணக்கைக் கடனாளி செய்து பார்க்க வேண்டுமாயின் முதலில் மொத்தத் தொகையை அவர் அறிய வேண்டுமல்லவா? இங்கேதான் எமது ஆய்வில் மிக முக்கியமெனத் தோன்றும் நிகழ்வு இடம்பெறுகின்றது. கடன் கொடுப்போர் உண்மைச் செலவை வெளிப்படுத்த வேண்டுமெனச் செனற்றர் போல் டக்ளஸ் 1960இல் மசோதா கொண்டுவந்தார். கடன் நிறுவனங்களின் எதிர்ப்பால் அது எட்டாண்டுகள் இழுபட்டது. 1966இல் டக்ளஸ் தேர்தலில் தோற்றார்; செனற்றர் புரொக்ஸ்மயர் அதைத் தொடர்ந்தார். 1968 மேயில் கடன் வழங்கலில் உண்மைச் சட்டம் நிறைவேறியது. தளபாடமோ மோட்டார் வாகனமோ தவணைக்கு வாங்குபவருக்கு நிதிக் கட்டணம் மொத்தம் எத்தனை டொலர் என்று எழுதிக் கொடுக்க வேண்டும் என அது விதித்தது. ஆனால் வீடு வாங்குவதற்காக அவ்வீட்டையே முதல் ஈடாக வைத்துப் பெறும் கடனுக்கு மட்டும் விலக்களித்தது. ஆண்டு வட்டிவீதத்தைக் கூறினாற் போதும். மொத்தத்தைக் கூற வேண்டியதில்லை. அத்தொகையைக் கண்டால் வாங்குவோர் அஞ்சிப் பின்வாங்குவர் என்பதே இதற்குச் சொல்லப்பட்ட நியாயம். ஒரு மனிதன் தன் வாழ்நாளில் வாங்கும் மிகப் பெரிய பொருளின் விலையை அவன் அறியாதிருத்தலே வணிகத்துக்கு உகந்தது என்பதைச் சட்டமே ஒப்புக்கொண்ட விதம் இது. 1980இன் திருத்தத்தின் பின்னரே இவ்விலக்கு நீங்கிற்று.

நீண்ட தவணையின் சுமையைப் பற்றிப் பேசும்போது, அச்சுமையைச் சுமக்கவும் அனுமதிக்கப்படாதோரை மறத்தலாகாது. கறுப்பின மக்கள் வாழ்ந்த அயல்களை நட்ட அபாயமுடையவை எனக் கணித்து, சமஷ்டி வீடமைப்பு நிருவாகம் காப்புறுதி மறுத்தது. வங்கிகளும் அவ்வழியே நடந்தன. சிக்காகோவில் இம்மக்கள் இடைத்தரகரிடம் ஒப்பந்த முறையில் வீடு வாங்க நேர்ந்தது. தவணை மாதந்தோறும் கட்டப்பட்டது; வரியும் திருத்தச் செலவும் வாங்கியவருடையன; உறுதி மட்டும் கடைசித் தவணை வரை விற்றவர் பெயரிலேயே இருந்தது. ஒரு தவணை தவறினாலும் வீட்டையும் அதுவரை கட்டிய பணத்தையும் இழக்க வேண்டும். எமது ஒற்றிக்காரருக்கு மீட்கும் உரிமையேனும் இருந்தது. 2019இல் டியூக் பல்கலைக்கழகத்தின் சார்பில் வெளியான ஆய்வு, தரகர் கொடுத்த விலைக்கும் ஒப்பந்த விலைக்குமிடையில் சராசரி 84 வீத ஏற்றம் இருந்ததெனக் கணித்தது. 1968இல் லோண்டேல் பகுதி மக்கள் ஒப்பந்தக் கொள்வனவாளர் சங்கத்தை அமைத்துத் தவணை கட்ட மறுத்துப் போராடினர். பல நூறு ஒப்பந்தங்கள் திருத்தி எழுதப்பட்டன. அவர்கள் தொடுத்த வழக்குகளோ தோல்வியுற்றன. தவணையே கூறி விற்கும் முறையில் விலை எவ்வளவு மறையக்கூடும் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டியதில்லை.

அமெரிக்காவில் வட்டி முப்பது ஆண்டுக்கும் ஒரே நிலையில் நிற்பதே பெருவழக்கு. இது உலகில் அரிதான ஏற்பாடு. இலங்கையில் 1931இல் அரச ஈட்டு வங்கி நிறுவப்பட்டதிலிருந்து நிறுவனமுறை ஈட்டுக் கடன் வளர்ந்து வந்துள்ளது. 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம், நீதிமன்றத்தை நாடாமலே ஈட்டு ஆதனத்தை ஏலத்தில் விற்கும் வழியை வங்கிகளுக்கு வகுத்தது. 2024இல் அவ்வழி தற்காலிகமாக இடைநிறுத்தப்பட்டமை மினசோட்டாவை நினைவூட்டுகின்றது. இங்கு வட்டி அடிக்கடி மாறும் வகைக் கடன்களும் வழக்கிலுண்டு. 2022 ஏப்ரல் 8ஆம் நாள் இலங்கை மத்திய வங்கி தன் கொள்கை வட்டியை ஒரேயடியாக 7 வீதப் புள்ளியால் உயர்த்தியபோது, அவ்வகைக் கடன் பெற்றோரின் நிலை யாதாயிருக்கும் என்பதைக் கணக்கிட்டுப் பார்க்கலாம். 10 இலட்சம் ரூபாவை 10 வீதத்தில் 20 ஆண்டுக்குப் பெற்றவரின் மாதத் தவணை 9,650 ரூபா. கடன் பெற்ற புதிதில் வட்டி 12 வீதமாக உயர்ந்தாலே ஒரு மாத வட்டி 10,000 ரூபாவாகிவிடும். தவணையை உயர்த்தாது காலத்தை மட்டும் நீட்டித் தருமாறு கேட்பவருக்கு வங்கி எத்தனை ஆண்டு நீட்டினாலும் போதாது. மாதந்தோறும் 350 ரூபா முதலுடன் சேர்ந்துகொண்டே செல்லும்.