வடுவூர் துரைசாமி ஐயங்காரும் தமிழ் படிக்கும் பழக்கமும்

கிழக்கேகோட்டையையும் சாலைக் கடைத்தெருவையும் சூழ்ந்து வாழும் நம் தமிழ்க் குடும்பங்களில் ஒரு குறை ஆண்டுதோறும் பெருகி வருகின்றது. நம் பிள்ளைகள் வீட்டில் தமிழ் பேசுகின்றனர். பள்ளியில் மலையாளமும் ஆங்கிலமும் பயில்கின்றனர். தமிழ் எழுத்தைக் கண்டால் மட்டும் தயங்கி நிற்கின்றனர். இக்குறை தீர வழி தேடுவோர், முன்னொரு காலத்தில் தமிழ் மக்களுக்குக் கதை படிக்கும் ஆவலை ஊட்டிய ஒருவரின் வரலாற்றை அறிதல் நலம். அவர்தாம் மர்ம நாவலாசிரியர் வடுவூர் கே. துரைசாமி ஐயங்கார்.

மன்னார்குடிக்கு அண்மையிலுள்ள வடுவூரில் 1880-ஆம் ஆண்டில் பிறந்தவர் இவர். பி.ஏ. பட்டம் பெற்று, அரசாங்க வருவாய்த் துறையில் அலுவல் ஏற்றார். அந்நாளில் அப்பட்டமும் அப்பதவியும் எளிதிற் கிட்டுவன அல்ல. எனினும் அவர் அப்பதவியைத் துறந்து எழுத்தையே தொழிலாகக் கொண்டார். முதல் தேதிச் சம்பளத்தை நம்பிக் குடும்பம் நடத்தும் எம்மனோர்க்கு அத்துணிவின் அளவு நன்கு விளங்கும்.

அக்காலத்தே ஆரணி குப்புசாமி முதலியார், ஜே. ஆர். ரங்கராஜு ஆகியோரும் துப்பறியும் கதைகளால் புகழ் பெற்று விளங்கினர். அவர்களோடு ஒருங்கு வைத்து எண்ணப்பெற்றவர் வடுவூரார். மேனகா, கும்பகோணம் வக்கீல், மாயவிநோதப் பரதேசி, வசந்த கோகிலம், மதன கல்யாணி முதலியன அவர்தம் நாவல்கள். ஆங்கில நாவல்களின் போக்கைப் பின்பற்றினாரெனினும், அவற்றில் நடமாடும் மாந்தர் தஞ்சை, கும்பகோணத்து மாந்தரே. மாமியார் வீட்டுக் கொடுமை, வக்கீல்களின் சூழ்ச்சி, பொய்ப் பத்திரம் ஆகியவை வாசகர் நாள்தோறும் கேள்வியுற்றவை. பழகிய வீட்டினுள் பழகாத அச்சத்தைப் புகுத்தியதே அவர் கையாண்ட உத்தி. ‘மேனகா’வில் நாத்தனார்களின் சூழ்ச்சியால் அயலான் வீட்டில் சிக்கிய பெண்ணைக் காப்பவள், அவ்வீட்டு மனைவியாகிய நூர்ஜஹான் என்னும் முஸ்லிம் மாது. அதிர்ச்சிக்கு நடுவே இத்தகைய அறமும் அமைந்திருந்தது குறிப்பிடத்தக்கது.

நம் திருவனந்தபுரத்திற்கும் அவருக்கும் ஓர் உறவு உண்டு. இந்நகரிற் பிறந்த டி. கே. எஸ். சகோதரர்கள் தம் நாடக சபையை 1925-இல் இங்குதான் தொடங்கினர். அவர்கள் ‘மேனகா’வை மேடையேற்றினர், 1935-இல் அது ராஜா சாண்டோ இயக்கத்தில் திரைப்படமாயிற்று. அன்று திருவிதாங்கூரைச் சேர்ந்திருந்த நாகர்கோவிலில் பிறந்த என். எஸ். கிருஷ்ணனும் அதில் நடித்தார். பின்னர் 1950-இல் ‘கும்பகோணம் வக்கீல்’ கதையைச் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸார் ‘திகம்பர சாமியார்’ என்னும் பெயரில் படமாக்கினர். துப்பறியும் சாமியாராகப் பல மாறுவேடங்களில் தோன்றிப் புகழ் பெற்றவர், மலையாள நாட்டிற் பிறந்த எம். என். நம்பியார்.

பிறருடைய எழுத்துக்கும் வடுவூரார் துணை நின்றார். பள்ளிப் படிப்பு இல்லாத வை. மு. கோதைநாயகி அம்மாளின் முதல் நாவலாகிய ‘வைதேகி’, இவர் நடத்திய ‘மனோரஞ்சனி’யில் வெளிவந்தது. அவ்வம்மையார் பின்னர் ‘ஜகன்மோகினி’ இதழை நடத்தி, நூற்றுக்கும் மேற்பட்ட நாவல்களை எழுதினார்.

இத்தகைய கதைகள் இலக்கியமாகா என்று கூறுவோர் அன்றும் இருந்தனர், இன்றும் உளர். அக்கூற்றை நாம் முற்றும் மறுக்கவில்லை. தற்செயல் நிகழ்ச்சிகள் மிகுதி, வருணனைகளும் நீளமானவை. எனினும் எழுத்துக் கூட்டிப் படித்தவரையும் அடுத்த அத்தியாயத்திற்கு ஈர்த்துச் சென்றவை அவையே. 1933-இல் தோன்றிய ‘மணிக்கொடி’ போன்ற ஏடுகள் புதிய இலக்கியம் படைத்தபோது, கதை படித்துப் பழகிய ஒரு கூட்டம் தமிழ் நாட்டில் முன்னரே இருந்தது. நிலத்தை உழுதவரை, விளைச்சலின்போது மறத்தல் முறையன்று.

வாசகர் உள்ளத்தை இவ்வளவு அறிந்தவரே, வைணவர்களின் மூலத்தை எகிப்து நாட்டோடு இணைத்து ஆங்கிலத்தில் ஒரு பெரிய ஆராய்ச்சி நூலும் எழுதினார். அறிஞர் அதை ஏற்கவில்லை. 1942-இல் அவர் மறைந்தார். நிலைத்தவை அவர்தம் கதைகளே.

ஆசிரியர் மறைந்து 60 ஆண்டு கடந்தமையால், அவர் நூல்களை எவரும் அச்சிடலாம்; புதிய பதிப்புகளும் வந்துள்ளன. ஆதலின் அன்பர்களுக்கு எமது வேண்டுகோள் இது: வீட்டுப் பரணில் அட்டையிழந்து கிடக்கும் பழைய நாவல்களைச் சங்க நூலகத்திற்கு அளியுங்கள். பிள்ளைகளுக்கு இலக்கணத்தை முதலில் நீட்டாமல், மாலைதோறும் ஒரு மர்மக் கதையின் ஓர் அத்தியாயத்தைப் படித்துக் காட்டி, இக்கட்டான இடத்தில் நிறுத்திவிடுங்கள். மீதியை அறியும் ஆவலில் அவர்களே எழுத்துக் கூட்டத் தொடங்குவர். குறளும் கம்பனும் அதன்பின் எட்டும் தூரத்தில் வந்து நிற்கும்.