அட்கின்சன் சகோதரர்களுக்கு என்ன நடந்தது?

(திருமலைத் துறைமுகக் கதைகள் - தொடர்)

சென்ற வாரம் ரியர் அட்மிரல் சார்ள்ஸ் ஒஸ்டினின் கல்லறையருகே நிறுத்தியிருந்தோம். நாவலாசிரியை ஜேன் ஒஸ்டினின் தம்பி; 1852இல் பர்மாவில் வாந்திபேதி கண்டு இறந்து, திருகோணமலையில் அடக்கமானவர். அந்த மயானத்தில் அட்கின்சன் சகோதரர்களையும் தேடலாமே என்று எவரும் கிளம்பிவிட வேண்டாம். அவர்கள் அரை வாக்கியத்துக்குள் பிறந்து அதற்குள்ளேயே முடிந்துபோனவர்கள்.

1891 யூலை. லண்டன் ஸ்ட்ரான்ட் சஞ்சிகையில் பொஹீமிய மன்னரின் சிக்கலைச் சொல்லும் சிறுகதை வெளியாகிறது. நண்பர் ஷெர்லொக் ஹோம்ஸைப் பற்றித் தாம் கேள்விப்பட்டவற்றை வைத்தியர் வொட்சன் போகிறபோக்கில் அடுக்குகிறார்: ஒடெசாவில் ஒரு கொலை, திருகோணமலையில் அட்கின்சன் சகோதரர்களின் துயரம், ஒல்லாந்து அரச குடும்பத்துக்கு ஓர் இரகசிய வேலை. அவ்வளவுதான். எதனால் துயரம்? செத்தது ஒருவரா, இருவருமா? ஹோம்ஸ் டொக்யாட்டில் வந்து இறங்கினாரா, பேக்கர் தெருவில் புகைபிடித்தபடியே முடிச்சை அவிழ்த்தாரா? ஆர்தர் கொனன் டொயில் வாயே திறக்கவில்லை. அப்போது அவர் இலங்கையில் கால் வைத்தவருமல்ல. பிரித்தானியக் கடற்படைச் செய்திகளில் அடிபட்ட தூரத்துப் பெயர் ஒன்று அவருக்குத் தேவைப்பட்டது. எடுத்துக்கொண்டார் என்றே நினைக்கிறேன்.

அந்தக் கதையை இன்னொருமுறை புரட்டுங்கள். ஹோம்ஸின் கொக்கெயின் பழக்கம் அதில் இருக்கிறது. அவரை வென்ற ஐரீன் அட்லர் இருக்கிறாள். கேலி செய்ய வந்தவர்களுக்கு வேறென்ன வேண்டும்? 1916இல் டக்ளஸ் பெயார்பாங்ஸ் நடித்த மௌனப்படத்தில் துப்பறிவாளர் ஓயாமல் போதைமருந்து ஏற்றிக்கொள்கிறார். 1970இல் பில்லி வைல்டரின் ஹோம்ஸ், ரஷ்ய நடனக்காரி ஒருத்தியிடமிருந்து தப்புவதற்காக வொட்சனைத் தன் காதலராக்கிவிடுகிறார், வொட்சன் கொதித்துப்போகிறார். பெயரைக் கொச்சையாகத் திரித்த, வயதுவந்தோருக்கு மட்டுமான படங்களும் பின்னால் வந்தன. அவற்றைப் பற்றி இவ்வளவு போதும்.

நம்மவர்களில் தேவன் இன்னொரு வழியில் போனார். 1940களில் ஆனந்த விகடனில் வந்த அவருடைய சாம்புவுக்கு மூளை இல்லை, அதிர்ஷ்டம் இருந்தது. குற்றவாளி தானாக வந்து அகப்படுவான். பொலிஸார் சாம்புவின் மேதைமையை வியப்பார்கள். ஹோம்ஸை இதைவிடச் சுத்தமாகக் கவிழ்த்தவர் இல்லை என்பேன்.

ஆனால் முதல் அடி லண்டனிலேயே விழுந்தது. திருகோணமலையின் பெயர் அச்சேறி நாலு மாதம்தான். 1891 நவம்பரில் 'ஸ்பீக்கர்' வார இதழில் ஒரு நையாண்டி. கதை சொல்கிறவன் ஹோம்ஸின் பாணியிலேயே ஹோம்ஸை மடக்குகிறான். எழுதியவர் பெயர் போடப்படவில்லை.

எழுதியவர் டொயிலின் பகைவரல்ல, நண்பர். 1893இல் இருவருமாய்ச் சேர்ந்து எழுதிய இசைநாடகம் சவோய் அரங்கில் படுத்துவிட்டது. அந்தத் தோல்வியின் சூட்டோடு நண்பர் தன் புத்தகமொன்றின் வெற்றுத்தாளில் இரண்டாவது நையாண்டியை எழுதி டொயிலிடமே நீட்டினார். அதில் ஹோம்ஸின் அறைக்கதவைத் திறந்துகொண்டு இரண்டு எழுத்தாளர்கள் நுழைகிறார்கள். ஒருவர் டொயில். ஹோம்ஸின் உயிர் இப்போது அவர் கையில்...

(அடுத்த வாரம்)