கோட்டுக்கு அந்தப் பக்கம்

நம் புதுச்சேரி எல்லை வளைந்து நெளிந்து போவது உள்ளூர்க்காரர்களுக்குத் தெரிந்ததுதான். சில இடங்களில் சாலைக்கு இந்தப் பக்கம் நாம், அந்தப் பக்கம் தமிழ்நாடு. நான் குமாஸ்தாவாக இருந்தபோது, ஒரு புயலுக்குப் பிறகு நிவாரணப் பதிவுக்கு உட்கார்ந்திருந்தேன். அந்தப் பக்கத்திலிருந்து ஓர் அம்மாள் வந்தார். "உங்க வீடு எங்க எல்லையில வராதும்மா" என்று சொல்லி அனுப்பிவிட்டேன். விதிப்படி அது சரி. ஆனால் சதாகோ ஒகாதாவைப் பற்றிப் படித்தபோது அந்த அம்மாள் ஞாபகத்துக்கு வந்தார்.

ஒகாதா 1927-ல் டோக்கியோவில் பிறந்தவர். தந்தை ராஜதந்திரி. கொள்ளுத்தாத்தா இனுகாய் ஜப்பானியப் பிரதமர். 1932-ல் கடற்படை இளம் அதிகாரிகள் அவரைச் சுட்டுக் கொன்றபோது ஒகாதாவுக்கு நான்கு வயது. அமெரிக்காவில் டாக்டர் பட்டம் பெற்று, ஜப்பான் திரும்பிப் பேராசிரியரானார். 1968-ல் ஐ.நா. பொதுச் சபைக்குப் போன ஜப்பானியக் குழுவில் இடம்பெற்றார். 1991 பிப்ரவரியில், 63 வயதில், ஐ.நா. அகதிகள் உயர் ஆணையரானார். அந்தப் பதவிக்கு வந்த முதல் பெண்மணி அவரே.

பதவியேற்ற சில வாரங்களிலேயே சோதனை வந்தது. வளைகுடாப் போர் முடிந்ததும் ஈராக்கின் குர்து மக்கள் சதாம் உசேனுக்கு எதிராகக் கிளர்ந்து தோற்றார்கள். சுமார் 18 லட்சம் பேர் ஓடினார்கள். ஈரான் பெரும்பகுதியை உள்ளே விட்டது. துருக்கி எல்லையை மூடிவிட்டது. அங்கே 4 லட்சத்துக்கும் அதிகமானோர் பனி மலையில் சிக்கிக்கொண்டார்கள்.

இங்கேதான் கோப்பு குறுக்கே வந்தது. 1951-ம் ஆண்டு உடன்படிக்கைப்படி அகதி என்றால் தன் நாட்டுக்கு வெளியே இருப்பவர். பள்ளியில் படித்த பிரெஞ்சு கைகொடுக்க, பிரெஞ்சு வாசகத்தையும் பார்த்தேன், அதிலும் அப்படித்தான். மலையில் நின்றவர்கள் எல்லையைத் தாண்டவில்லை. ஆகவே அவர்கள் அகதிகள் அல்ல. உதவினால் முன்னுதாரணம் ஆகிவிடும், மற்ற நாடுகளும் கதவைச் சாத்தும் என்று அலுவலகத்திலேயே எதிர்ப்பு இருந்தது. அந்தப் பயம் நியாயமானதுதான்.

ஒகாதா இரு தரப்பையும் கேட்டார். பிறகு, ஈராக்கின் உள்ளேயே போய் உதவுவது என்று முடிவெடுத்தார். உயிரைக் காப்பதே முதல் வேலை என்பது அவர் கணக்கு. வட ஈராக்கில் கூட்டுப் படைகள் பாதுகாப்பு வளையம் போட, பெரும்பாலோர் சில மாதங்களில் ஊர் திரும்பினார்கள்.

இரண்டு ஆண்டு கழித்து போஸ்னியாவிலும் இதே துணிச்சலைக் காட்டினார். சண்டையிட்ட தரப்புகள் நிவாரணத்தை வைத்து அரசியல் செய்தபோது, பணிகளில் பெரும்பகுதியை நிறுத்துவதாக அறிவித்தார். பொதுச் செயலாளர் சில நாட்களிலேயே அதை மாற்றினார். ஆனால் உலகம் திரும்பிப் பார்த்தது. 2000 வரை பதவியில் இருந்தார். 2019-ல் 92 வயதில் காலமானார்.

ஒகாதா கையில் இருந்த அதிகாரம் குமாஸ்தாவுக்கு ஏது என்று நீங்கள் கேட்கலாம். உண்மைதான், பதிவேட்டில் அந்த அம்மாளைச் சேர்க்க எனக்கு அதிகாரம் இல்லை. ஆனால் அவர் பெயரையும் ஊரையும் ஒரு தாளில் எழுதி, அந்தப் பக்கத்து தாலுகா ஆபீசுக்கு அனுப்பியிருக்கலாம். அதை எந்த விதியும் தடுக்கவில்லை. அன்று எனக்கு அது தோன்றவே இல்லை.